'பவுண்டன்' எந்தச் சொல்லோடு சேரும்? அபூர்வ ஆங்கிலப் பெயரடைகளைச் சரிபார்க்கும் முறை

ஆங்கிலத்தில் 'பவுண்ட்' எல்லோருக்கும் தெரிந்த சொல்: கட்டப்பட்ட, கட்டுப்பட்ட. அதற்கே 'பவுண்டன்' என்று இன்னொரு வடிவம் இருக்கிறது. எழுத்துக்கூட்டினால் பி, ஓ, யூ, என், டி, கடைசியில் இ, என். தமிழில் எழுதும்போது பேனாவோடு வரும் பவுண்டன் போலவே தெரிகிறது. அது எஃப்பில் தொடங்கும் வேறு சொல், இரண்டுக்கும் தொடர்பில்லை.

போன வருடம் ஓர் அறக்கட்டளையின் ஆண்டறிக்கையைத் தமிழிலிருந்து ஆங்கிலத்துக்கு மாற்றிக்கொண்டிருந்தேன். 'ஒப்பந்தத்தால் கட்டுப்பட்ட உறுப்பினர்கள்' என்று ஒரு வரி. வெறும் 'பவுண்ட்' சப்பென்று இருக்கிறதே என்று 'பவுண்டன் மெம்பர்ஸ்' என்று போட்டேன். அகராதியிலும் பார்த்தேன், 'கட்டுப்பட்ட' என்ற பொருள் இருந்தது. ஆனால் மெய்ப்புப் பார்த்தவர் சிவப்பு மையில் வட்டமிட்டு, 'இப்படி யாரும் எழுதுவதில்லை' என்று மட்டும் எழுதித் திருப்பி அனுப்பினார். ஏன் எழுதுவதில்லை என்று கண்டுபிடிக்க எனக்கு இரண்டு நாள் ஆனது. அந்த இரண்டு நாளில் கற்றதைத்தான் கீழே படிப்படியாகத் தருகிறேன்.

முதலில் இந்த 'என்' எங்கிருந்து வந்தது என்பதைப் பார்த்துவிடலாம். பழைய ஆங்கிலத்தில் பல வினைச்சொற்களின் இறந்தகால எச்சம் 'இ, என்' என்று முடிந்தது. காலப்போக்கில் வினை அந்த வாலை உதிர்த்துவிட்டது. சில பெயரடைகளில் மட்டும் அது தங்கிவிட்டது. டிரங்க், டிரங்கன் (குடித்த). சங்க், சங்கன் (மூழ்கிய). ஷ்ரங்க், ஷ்ரங்கன் (சுருங்கிய). மெல்டட், மோல்டன் (உருகிய). இந்த ஒவ்வொரு ஜோடியிலும் அகராதிப் பொருள் கிட்டத்தட்ட ஒன்றுதான். இரண்டும் எந்தெந்தச் சொல்லோடு சேரும் என்பதில்தான் வித்தியாசம்.

நமக்கு இது புதிதல்ல. 'முது' என்றால் பழைய, மூத்த. முதுகலை என்கிறோம், முதுமொழி என்கிறோம், முதுமக்கள் தாழி என்கிறோம். 'முது வீடு' என்று யாராவது சொல்கிறார்களா? பொருள் பொருந்தினாலும் சொல் பொருந்துவதில்லை. தமிழ் தெரிந்தவருக்கு இதைக் காதே சொல்லிவிடும். ஆங்கிலத்தில் நம் காதுக்கு அந்தப் பழக்கம் குறைவு, அதனால் கருவிகளை வைத்துத்தான் பார்க்க வேண்டும்.

படி 1: சொல்லைத் தனியாக எடுக்காதீர்கள்

எழுத நினைக்கும் பெயரடையையும் அடுத்து வரப்போகும் பெயர்ச்சொல்லையும் சேர்த்தே தாளில் எழுதிக்கொள்ளுங்கள். 'பவுண்டன்' என்று மட்டும் தேடினால் நான் விழுந்த குழியில்தான் நீங்களும் விழுவீர்கள்.

படி 2: அகராதியில் பொருளுக்கு முன்னால் இருக்கும் குறிப்பைப் படியுங்கள்

நான் தவறவிட்டது இதைத்தான். பொருளுக்கு முன்னால் சாய்வெழுத்தில் ஒரு சின்னக் குறிப்பு இருக்கும்: வழக்கொழிந்தது, பழைய நடை, இலக்கிய வழக்கு, முறைசார் வழக்கு என்று ஏதாவது ஒன்று. ஆக்ஸ்ஃபோர்டின் பெரிய அகராதியில் சொல்லுக்கு முன்னால் சின்னக் குத்துவாள் போல ஒரு குறி இருந்தால், அந்தச் சொல் இன்று புழக்கத்திலேயே இல்லை என்று அர்த்தம்.

ஆரம்பநிலையில் இருப்பவர்களுக்கு நான் சொல்வது ஆக்ஸ்ஃபோர்ட் லேர்னர்ஸ் அகராதியைத்தான். பெரிய அகராதி வரலாற்றை அள்ளித் தரும், எங்கே போடுவது என்று உடனே தெரியாது. லேர்னர்ஸ் அகராதி 'பெயருக்கு முன்னால் மட்டும்', 'பெயருக்கு முன்னால் வராது' என்று நேரடியாகவே சொல்லிவிடுகிறது. இரண்டு சொல்லில் பதில் கிடைக்கும் அகராதி வேறு எதையும் நான் பார்க்கவில்லை. ஒரு சொல்லுக்கு ஒரு வரிப் பொருள் மட்டும் காட்டும் கைப்பேசிச் செயலிகளை இந்த வேலைக்குத் தொடவே வேண்டாம்.

படி 3: முன்னாலா, பின்னாலா?

தமிழ் இலக்கணம் தெரிந்தவருக்கு இது சுலபம். 'குடித்த மனிதன்' என்பதில் பெயரெச்சம் பெயருக்கு முன்னால் வருகிறது. 'அவன் குடித்திருக்கிறான்' என்பதில் அதே செய்தி பயனிலையாகப் பின்னால் வருகிறது. ஆங்கிலத்தில் டிரங்கன் முன்னால் வரும், டிரங்க் பின்னால் வரும். 'எ டிரங்கன் மேன்' சரி. 'ஹி இஸ் டிரங்க்' சரி. 'ஹி இஸ் டிரங்கன்' என்றால் இன்றைய காதுக்கு உறுத்தும்.

நம் ஊரில் எல்லோர் வாயிலும் 'டிரங்க் அண்ட் டிரைவ் கேஸ்' புழங்குகிறது. ஆனால் 1988 ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 185 ஆம் பிரிவை எடுத்துப் பாருங்கள். தலைப்பிலேயே 'டிரங்கன் பெர்சன்' என்றுதான் இருக்கிறது. 100 மில்லிலிட்டர் ரத்தத்தில் 30 மில்லிகிராமுக்கு மேல் ஆல்கஹால் இருந்தால் குற்றம் என்று சொல்லும் பிரிவு அது. சட்டம் எழுதியவர் பெயருக்கு முன்னால் எந்த வடிவம் வரும் என்று பார்த்துத்தான் போட்டிருக்கிறார்.

'பிஹோல்டன்' இதற்கு நேர் எதிர். 'கடன்பட்ட, நன்றிக்கடன் உள்ள' என்ற பொருளில் வரும். இதுவும் 'என்' வால் உள்ள பழைய எச்சம்தான், ஆனால் பெரும்பாலும் பின்னால்தான் வரும், அதுவும் 'டு' என்ற சொல்லோடு. ஆக, வாலைப் பார்த்து இடத்தை முடிவு செய்ய முடியாது. ஒவ்வொரு சொல்லையும் தனித்தனியாகப் பார்க்க வேண்டும்.

படி 4: துணைச்சொல்லைத் தேடுங்கள்

என் இரண்டு நாளும் போனது இங்கேதான். அதனால் கொஞ்சம் மெதுவாகவே சொல்கிறேன்.

முதலில் எல்லோரையும் போல நானும் தேடுபொறியில் போட்டு, எத்தனை லட்சம் முடிவு என்று எண்ணிப் பார்த்தேன். அந்த எண்ணை நம்பாதீர்கள். அது தோராயமானது, அதே தேடலை மறுபடி செய்தால் வேறு எண் வரும். எழுத்துப்பிழையோடு இருக்கும் பக்கங்களும் அதில் சேர்ந்தே இருக்கும்.

இந்த வேலைக்கு ஏற்றது கூகுள் புக்ஸ் என்கிராம் வியூவர். அச்சான புத்தகங்களில் ஒரு சொல்தொடர் ஆண்டுக்கு ஆண்டு எவ்வளவு வந்திருக்கிறது என்று கோடு போட்டுக் காட்டும். 2010 முதல் இருக்கிறது, இலவசம், பதிவு செய்யத் தேவையில்லை. பெயரடையை எழுதி, ஓர் இடைவெளி விட்டு, ஒரு நட்சத்திரக் குறி போடுங்கள். அந்த இடத்தில் அதிகமாக வந்த பத்துச் சொற்களை அது பட்டியலிடும். 'பவுண்டன்' போட்டுப் பார்த்தபோது 'டியூட்டி' என்ற ஒரே கோடு மேலே நின்றது, மற்றவை தரையை ஒட்டிக் கிடந்தன. என் 'மெம்பர்ஸ்' பட்டியலிலேயே இல்லை. சிவப்பு வட்டம் ஏன் வந்தது என்று அப்போதுதான் புரிந்தது.

'பவுண்டன் டியூட்டி' ஒரு பழைய தொடர். இங்கிலாந்துத் திருச்சபையின் பொது ஜெபப் புத்தகத்தில், 1549 பதிப்பிலும் 1662 பதிப்பிலும், நற்கருணை வழிபாட்டில் நன்றி செலுத்துவதை 'நமது பவுண்டன் டியூட்டி' என்று சொல்லும் இடம் உண்டு. நூற்றாண்டுக் கணக்கில் தேவாலயத்தில் காதில் விழுந்துகொண்டே இருந்ததால்தான் இந்த ஒரு தொடரில் மட்டும் அந்தச் சொல் பிழைத்துக் கிடக்கிறது என்பது என் கணிப்பு.

இனி என்கிராமில் நான் தடுக்கிய இடங்களைச் சொல்கிறேன். ஒன்று, நட்சத்திரக் குறியையும் பெரிய எழுத்து, சிறிய எழுத்து வேறுபாட்டைப் பார்க்க வேண்டாம் என்ற வசதியையும் ஒரே தேடலில் கலக்க முடியாது. நான் இரண்டையும் போட்டுவிட்டுக் கருவி கெட்டுவிட்டது என்றே நினைத்தேன். முதலில் நட்சத்திரத்தை மட்டும் போட்டுத் துணைச்சொல்லைக் கண்டுபிடியுங்கள், அப்புறம் முழுத் தொடரையும் மற்ற வசதியோடு தேடுங்கள்.

இரண்டு, குறைந்தது 40 புத்தகங்களில் வந்த தொடர்களைத்தான் அது கணக்கில் எடுக்கிறது. 'கிடைக்கவில்லை' என்று வந்தால் உலகத்திலேயே இல்லை என்று பொருளல்ல. ஆனால் நீங்கள் கற்றுக்கொள்கிறவர் என்றால், 40 புத்தகத்தில்கூட வராத சேர்க்கையை விட்டுவிடுவதே நல்லது.

மூன்றாவது என்னை முழுதாக ஏமாற்றியது. 'சங்கன்' என்பதைப் போட்டு 1700 முதல் பார்த்தேன். 1800 க்கு முன்னால் கோடு ஏதோ நோஞ்சானாகக் கிடந்தது, அதன் பிறகு விறுவிறுவென்று ஏறியது. சரி, இது 19 ஆம் நூற்றாண்டுச் சொல் என்று குறிப்பேட்டிலும் எழுதிவிட்டேன். அது தவறு. 1800 வாக்கில் வரை ஆங்கில அச்சில் சொல்லின் தொடக்கத்திலும் நடுவிலும் வரும் எஸ் எழுத்து நீளமாக, பார்க்க எஃப் மாதிரியே இருக்கும். நடுக்கோடு மட்டும் பாதியோடு நின்றுவிடும். ஸ்கேன் செய்த இயந்திரம் அதை எஃப் என்றே படித்து வைத்திருக்கிறது. எஸ்ஸுக்குப் பதில் எஃப் போட்டு அதே சொல்லைத் தேடிப் பாருங்கள். அப்படி ஒரு சொல்லே ஆங்கிலத்தில் கிடையாது, ஆனாலும் பழைய நூற்றாண்டில் அதற்குக் கோடு இருக்கும், 1800 வாக்கில் சரிந்துவிடும். காணாமல் போன சங்கன் அங்கேதான் இருக்கிறது. எந்தப் புத்தகத் தொகுப்பில் தேடுவது என்று என்கிராம் காட்டும் பட்டியலில் 2009 ஐத் தேர்ந்தெடுத்தால் இந்தக் கோளாறு இன்னும் பளிச்சென்று தெரியும். அதற்குப் பின் வந்த தொகுப்புகளில் எழுத்துணரி, அதாவது ஸ்கேனைப் படிக்கும் மென்பொருள், மேம்பட்டிருக்கிறது. எஸ்ஸில் தொடங்கும் ஷ்ரங்கன், ஸ்ட்ரிக்கன் போன்றவற்றுக்கும் இதே எச்சரிக்கை பொருந்தும்.

படி 5: எந்த ஊர் ஆங்கிலம்?

என்கிராமில் அமெரிக்க, பிரிட்டிஷ் ஆங்கிலத்தைப் பிரித்துப் பார்க்கலாம், இந்திய ஆங்கிலத்தைப் பார்க்க முடியாது. அதற்கு குளோப் என்ற இணைய ஆங்கிலத் தொகுப்பு இருக்கிறது. 20 நாடுகளின் இணையப் பக்கங்கள், மொத்தம் 190 கோடிச் சொற்கள். இந்தியாவுக்கும் இலங்கைக்கும் தனித்தனிப் பத்தி உண்டு. பதிவு செய்ய வேண்டும், இலவசக் கணக்கில் ஒரு நாளைக்கு இத்தனை தேடல்தான் என்று வரம்பும் உண்டு. ஆனாலும் நம் பக்கத்து வாசகருக்கு எழுதுகிறவர் இதைப் பார்க்காமல் முடிவு செய்யக் கூடாது என்பேன். நம் ஊர்த் தீர்ப்புகளிலும் மேடைப் பேச்சுகளிலும் இன்றும் வரும் 'பவுண்டன் டியூட்டி', வெளிநாட்டு வாசகருக்குத் தாத்தா காலத்துச் சொல்லாகப் படலாம்.

படி 6: தமிழில் கொண்டுவரும்போது

'கட்டுப்பட்ட கடமை' என்று எழுதிவிடாதீர்கள். 'நமது தலையாய கடமை' என்று ஒரு தொடர் தமிழிலேயே தயாராக இருக்கிறது. 'தலையாய' என்பதும் இதே ஜாதிதான், கடமையோடு அழகாகச் சேரும், கண்ட பெயருக்கு முன்னால் ஒட்டாது. பழைய தொடருக்குப் பழைய தொடரே பொருத்தம். என் அறிக்கையில் 'மெம்பர்ஸ் பவுண்ட் பை தி அக்ரீமென்ட்' என்று மாற்றினேன். சிவப்பு மை எதுவும் இல்லாமல் திரும்பி வந்தது.

பின்சேர்க்கை 1: வீட்டு வாசல் கேட்டுக்குச் சொல்லும் 'ராட் அயர்ன்' கம்பியைக் குறிக்கும் ராட் தானே என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். இல்லை. இது டபிள்யூவில் தொடங்கும் ராட். 'வொர்க்' என்ற வினையின் பழைய இறந்தகால எச்சம். அடித்துத் தட்டி வேலைப்படுத்திய இரும்பு என்று பொருள். வினையாக 'வொர்க்ட்' வந்து அந்த இடத்தைப் பிடித்துக்கொண்டது, இரும்புக்கு முன்னால் பழைய ஆள் அசையாமல் நிற்கிறார்.

பின்சேர்க்கை 2: மோல்டன், மெல்டட் பற்றிப் பலர் கேட்டதால் சேர்க்கிறேன். இரும்பு, கண்ணாடி, பாறை என்று கடும் வெப்பத்தில் உருகுபவற்றுக்கு மோல்டன். இரும்பு உருக 1538 டிகிரி செல்சியஸ் வேண்டும். வெண்ணெய், பனிக்கட்டி, மெழுகு மாதிரி லேசான சூட்டில் இளகுபவற்றுக்கு மெல்டட். அப்படியானால் ஹோட்டல் மெனுவில் 'மோல்டன் சாக்லேட் கேக்' என்று போடுவது தப்பா என்று ஒருவர் கேட்டார். தப்பில்லை. அந்தக் கேக்குக்கு இன்னொரு பெயர் லாவா கேக். கரண்டியால் வெட்டியதும் நடுவிலிருந்து வழிவதை எரிமலைக் குழம்பாக நினைத்து, லாவாவோடு சேரும் சொல்லையே எடுத்துப் போட்டிருக்கிறார்கள். அதே கேக்கின் செய்முறையில் வெண்ணெய் வரும் வரியைப் பாருங்கள், அங்கே மெல்டட் என்றுதான் இருக்கும்.