பெட்டை நாயின் சினைப்பருவத்தை அறிவதும் எதிர்பாராத சினையைத் தவிர்ப்பதும்

பெட்டை நாய்க்கு ரத்தம் கசியும் நாட்கள்தான் கவனமாக இருக்க வேண்டிய நாட்கள் என்றும், கசிவு நின்றுவிட்டால் பருவம் முடிந்துவிட்டது என்றும் எண்ணிக்கொள்வதே, வீட்டில் எதிர்பாராமல் குட்டிகள் பிறப்பதற்குப் பல நேரங்களில் காரணமாகிறது. மனிதர்களின் மாதவிடாயோடு இதை ஒப்பிடுவதால் வரும் குழப்பம் இது. பெண்களுக்குக் கரு தங்காதபோது கருப்பையின் உட்சுவர் கழன்று வெளியேறுவதே மாதவிடாய். நாய்க்கு வரும் ரத்தமோ, ஈஸ்ட்ரோஜன் என்ற பெண் ஹார்மோனின் சுரப்பு உயர்ந்து உடல் கருத்தரிப்புக்கு ஆயத்தமாகத் தொடங்கும்போது கசிவது. ஆகவே, கசிவு குறைந்து நிறம் வெளிறும்போதுதான் நாய் கருத்தரிக்கும் நாட்களுக்குள் நுழைகிறது. எந்தக் கதவை எதுவரை பூட்டிவைக்க வேண்டும் என்ற கணக்கு முழுவதும் இந்த ஒரு செய்தியைச் சார்ந்தே இருக்கிறது.

பருவம் தொடங்கும் வயதும் அதன் கட்டங்களும்

சிறிய இன நாய்களுக்கு 6 முதல் 8 மாதத்துக்குள் முதல் பருவம் வந்துவிடக்கூடும். மிகப் பெரிய இனங்களுக்கு அது 18 அல்லது 24 மாதம் வரை தள்ளிப்போகலாம். அதன்பின் சராசரியாக 7 மாதங்களுக்கு ஒருமுறை பருவம் திரும்பும் என்றாலும், 5 மாத இடைவெளியும் 11 மாத இடைவெளியும் இயல்பானவையே. பாசென்ஜி போன்ற சில இனங்கள் ஆண்டுக்கு ஒருமுறை மட்டுமே பருவத்துக்கு வருகின்றன. வயதாக ஆக இடைவெளி நீளக்கூடும். ஆனால் பெண்களுக்கு மாதவிடாய் நிற்பதுபோல நாய்களுக்குப் பருவம் ஒரேயடியாக நின்றுபோவதில்லை. எனவே, பத்து வயதான நாய்தானே என்று விட்டுவிட முடியாது. அந்த வயதில் சினையாவது தாய்க்குக் கூடுதல் ஆபத்தும்கூட.

ஆண் நாய்க்கு இப்படிப்பட்ட சுழற்சி எதுவும் கிடையாது. ஆறு மாதத்தை ஒட்டி அது இனப்பெருக்கத் திறன் பெறுகிறது. அதன்பின் ஆண்டின் எந்த நாளிலும் இணை சேரத் தயாராக இருக்கும். ஒரே ஈற்றில் பிறந்த ஆண்குட்டியையும் பெண்குட்டியையும் சேர்த்து வளர்ப்பவர்கள், உடன்பிறப்புகள் ஒன்றையொன்று தவிர்த்துக்கொள்ளும் என்று நம்பிவிடுகிறார்கள். நாய்களுக்கு அந்த முறை தெரியாது. அண்ணனும் தங்கையும், தாயும் மகனும் தயக்கமின்றி இணை சேரும்; அப்படிப் பிறக்கும் குட்டிகளில் பரம்பரைக் குறைபாடுகள் தலைகாட்டும் வாய்ப்பு அதிகம்.

பருவத்தின் முதல் கட்டம் சராசரியாக 9 நாட்கள் நீடிக்கிறது. பிறப்புறுப்பு வீங்குகிறது, சிவந்த கசிவு வருகிறது, ஆண் நாய்கள் சுற்றிச் சுற்றி வருகின்றன. ஆனால் பெட்டை உட்கார்ந்துகொண்டோ சீறியோ அவற்றை விரட்டிவிடும். அடுத்த கட்டமும் ஏறத்தாழ 9 நாட்கள்தான். அதில்தான் அது ஆணை ஏற்றுக்கொள்கிறது. இவை வெறும் சராசரிகள் என்பதை மறக்கக் கூடாது. முதல் கட்டம் மூன்றே நாட்களில் முடிந்துவிடும் நாய்களும் உண்டு, இரண்டு வாரத்துக்கு மேல் இழுக்கும் நாய்களும் உண்டு. இரண்டாம் கட்டம் மூன்று வாரம்வரை நீள்வதும் உண்டு. இதன்பின் ஏறத்தாழ இரண்டு மாதங்களுக்குப் புரோஜெஸ்டிரோன் என்ற, சினையைக் காக்கும் ஹார்மோன் மிகுந்திருக்கும் கட்டமும், அதையடுத்துச் சில மாத ஓய்வும் வருகின்றன.

கருத்தரிக்கும் காலம் நாம் நினைப்பதைவிட நீளமாக இருப்பதற்கு இரண்டு காரணங்கள் உண்டு. முதலாவது, நாயின் சினைப்பையிலிருந்து வெளிவரும் முட்டை முதிராத நிலையில் இருக்கிறது. அது முதிர மேலும் இரண்டு, மூன்று நாட்கள் ஆகும், முதிர்ந்தபின் இன்னும் இரண்டு, மூன்று நாட்கள் உயிரோடிருக்கும். இரண்டாவது, ஆணின் விந்தணுக்கள் பெட்டையின் உடலுக்குள் ஒரு வாரம் வரையிலும் உயிர்ப்போடு காத்திருக்க வல்லவை. எடுத்துக்காட்டாக, கசிவு தொடங்கிய 12-ஆம் நாளில் முட்டை வெளிவருகிறது என்று கொண்டால், 9-ஆம் நாளில் நடந்த சேர்க்கையாலும் சினையாகலாம், 16-ஆம் நாளில் நடந்த சேர்க்கையாலும் ஆகலாம். அத்தோடு, வெவ்வேறு நாட்களில் வெவ்வேறு ஆண்களோடு சேர்ந்திருந்தால் ஒரே ஈற்றில் இரண்டு தந்தையருக்குப் பிறந்த குட்டிகளும் இருக்கக்கூடும். ஆசைப்பட்டு ஒரு நல்ல ஆண் நாயோடு சேர்த்துவிட்டு, காரியம் முடிந்தது என்று பெட்டையை வெளியே விடுபவர்களுக்கும் இது பொருந்தும்.

நாளைக் கண்டறியும் வழி

நாய் தன்னைத் தானே நக்கிச் சுத்தம் செய்துகொள்வதால், தரையில் சொட்டு விழுந்த பிறகே பல வீடுகளில் பருவம் தெரியவருகிறது; அதற்குள் சில நாட்கள் ஓடியிருக்கக்கூடும். கடந்த பருவத்தின் தேதியைக் குறித்துவைத்து, அதிலிருந்து ஐந்தாவது மாதம் பிறந்தது முதல் காலைதோறும் ஒரு வெள்ளைத் துணியாலோ டிஷ்யூ தாளாலோ பிறப்புறுப்பை மெல்ல ஒற்றிப் பார்ப்பதே நான் பரிந்துரைக்கும் வழி. தொடக்கத்தில் தாளில் அடர்ந்த சிவப்பு பதியும்; நாள் செல்லச் செல்ல அது இளஞ்சிவப்பாகி, பிறகு வைக்கோல் நிறத்துக்கு மாறும். வீங்கி இறுகியிருந்த உறுப்பும் அதே சமயத்தில் சற்றுத் தளர்ந்து மென்மையாகும். இந்த நிலையில் வாலின் அடிப்பகுதியை விரலால் சொறிந்தால், நாய் அசையாமல் நின்று வாலை ஒருபக்கமாக ஒதுக்கிக்கொள்ளும். வால் அப்படி ஒதுங்குகிறதென்றால், வீட்டில் மிகக் கடுமையான காவல் வேண்டிய நாட்கள் வந்துவிட்டன என்று பொருள். ஆனால் எல்லா நாய்களும் இந்த வரிசையைப் பின்பற்றுவதில்லை. சில நாய்கள் பருவம் முழுவதும் சிவப்பாகவே கசியவிடும். சிலவற்றுக்குக் கசிவே கண்ணில் படாது. இளம் நாய்களில் பருவம் தொடங்கி, பாதியில் அடங்கி, சில வாரங்களில் மீண்டும் தொடங்குவதும் உண்டு. முதல் முறை அடங்கியதைக் கண்டு காவலைத் தளர்த்தியவர்கள் இரண்டாம் முறையில் ஏமாந்துபோகிறார்கள். நிறத்தை நம்பலாம், ஆனால் நிறத்தை மட்டும் நம்பக் கூடாது.

திட்டமிட்டு இனப்பெருக்கம் செய்பவர்கள் புரோஜெஸ்டிரோன் ரத்தப் பரிசோதனை மூலம் முட்டை வெளிவரும் நாளைக் கணிக்கிறார்கள். குட்டி வேண்டாதவர்களுக்கு அந்தத் துல்லியம் தேவையில்லை. கசிவு கண்ட முதல் நாளிலிருந்து குறைந்தது நான்கு வாரங்களுக்குக் காவல் காத்து, வீக்கம் முற்றிலும் வடிந்தபிறகும் மேலும் சில நாட்கள் பொறுத்திருந்தால் போதும்.

பிரித்துவைத்தல்

பருவத்திலுள்ள பெட்டையின் வாடையை ஆண் நாய் வெகு தொலைவிலிருந்தே உணர்ந்துவிடும். வழக்கமாகத் தாண்டாத வேலியை அந்த நாட்களில் தாண்டும், கதவைப் பிறாண்டும், மண்ணைத் தோண்டும். பெட்டையும் சும்மா இருப்பதில்லை, வெளியேற வழி தேடும். எனவே முற்றத்தில் கட்டிப்போடுவது காவல் ஆகாது. கட்டிப்போட்ட நாயால் தப்பி ஓடவும் முடியாது. வீட்டுக்குள், ஆண் நாய்க்கும் அதற்கும் இடையே இரண்டு கதவுகள் இருக்கும்படி வைப்பது நல்லது, ஏனென்றால் யாராவது ஒருவர் ஒரு கதவைச் சாத்த மறப்பது நிச்சயம் நடக்கும். கம்பித் தடுப்பு மட்டும் போதாது. தடுப்பின் ஊடாகவே சேர்க்கை நடந்துவிடுவதுண்டு. வெளியே அழைத்துச் செல்லும்போது வார் கட்டாயம். எவ்வளவு சொல்பேச்சுக் கேட்கும் நாயாக இருந்தாலும் இந்த வாரங்களில் அழைத்தால் வரும் என்று நம்பக் கூடாது. கடைகளில் விற்கும் நாய் டயாப்பர் தரையைக் காக்குமே தவிர, சினையைத் தடுக்காது. வாடையை மறைப்பதாகச் சொல்லப்படும் தெளிப்பான்களை நம்பியும் கதவைத் திறக்க வேண்டாம்.

ஒரே வீட்டில் ஆணும் பெட்டையும் இருந்தால், முடிந்தவரை ஆண் நாயை அந்த நான்கு வாரங்களுக்கு நம்பிக்கையான வேறு வீட்டில் விட்டுவைப்பதே எளிது. வாடை நிறைந்த வீட்டில் இருக்கும் ஆண் உணவைத் தொடாமல், இரவு முழுவதும் ஊளையிட்டுக்கொண்டு படும் பாட்டைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையிருக்காது.

சேர்ந்துவிட்டால் செய்ய வேண்டியது

இணை சேரும்போது ஆணின் உறுப்பின் அடிப்பகுதி புடைத்து உள்ளே மாட்டிக்கொள்வதால், இரண்டும் பின்புறம் ஒட்டியபடி எதிரெதிர் திசையைப் பார்த்து நிற்கும். ஐந்து நிமிடம் முதல் அரைமணி நேரம் வரையிலும், சில வேளை அதற்கு மேலும் இது நீடிக்கும். இந்த நிலையில் கல்லெறிவது, தண்ணீர் ஊற்றுவது, பிடித்து இழுப்பது ஆகியவை இரண்டு நாய்களுக்கும் உறுப்பில் காயத்தை உண்டாக்கும். இழுத்துப் பிரித்தாலும் பயனில்லை, ஏனெனில் விந்தணுக்கள் பெரும்பாலும் அதற்குள் சேர்ந்துவிட்டிருக்கும். பெட்டை பதறி உட்கார்ந்துவிடாதபடி அமைதியாகப் பிடித்துக்கொண்டு, தாமாகப் பிரியும்வரை காத்திருந்து, தேதியைக் குறித்துக்கொள்ள வேண்டும். மாட்டிக்கொள்ளாமல் முடிந்த சேர்க்கையாலும் சினையாகலாம்.

பிறப்புறுப்பைக் கழுவுவதால் எதுவும் நடக்காது. மனிதர்களுக்கான அவசரக் கருத்தடை மாத்திரையை நாய்க்குக் கொடுக்கவே கூடாது. முன்பு பரவலாகப் போடப்பட்ட ஈஸ்ட்ரோஜன் ஊசி, எலும்பு மஜ்ஜையைப் பாதித்து உயிருக்கே ஆபத்தாகலாம், கருப்பையில் சீழ் பிடிக்கவும் வழிவகுக்கும் என்பதால் இன்று கைவிடப்பட வேண்டிய முறையாகவே கருதப்படுகிறது. சில நாடுகளில் அக்லெப்ரிஸ்டோன் என்ற மருந்து கிடைக்கிறது. புரோஜெஸ்டிரோன் வேலை செய்யவிடாமல் தடுக்கும் இம்மருந்தை 24 மணி நேர இடைவெளியில் இரண்டு ஊசிகளாக, சேர்க்கைக்குப் பின் 45 நாட்கள் வரை மருத்துவர் போடலாம். இனி குட்டியே வேண்டாம் என்ற முடிவில் இருப்பவர்களுக்கு, சினையின் தொடக்க வாரங்களில் கருப்பையையும் சினைப்பையையும் நீக்கும் அறுவை சிகிச்சை இரண்டு கவலைகளையும் ஒருசேரத் தீர்க்கும்.

சேர்ந்த நாய் எல்லாம் சினையாவதில்லை என்பதால் உறுதிசெய்த பிறகு முடிவெடுப்பதும் முறையே. ஏறத்தாழ 25 முதல் 28 நாளுக்குப் பிறகு ஸ்கேனில் கருக்களின் இதயத்துடிப்பு தெரியும். ஏறக்குறைய 30-ஆம் நாள் முதல் சினை நாயின் உடலில் சுரக்கும் ரிலாக்சின் என்ற ஹார்மோனைக் காணும் ரத்தப் பரிசோதனை உதவும். மனிதர்களுக்கான சினைப் பரிசோதனைப் பட்டை நாய்க்கு எதையும் காட்டாது, அது தேடும் ஹார்மோனை நாயின் உடல் சுரப்பதில்லை. முட்டை வெளிவந்ததிலிருந்து 63 நாட்களை ஒட்டிக் குட்டி பிறக்கும். சினையாகாத நாய்க்கும் அதே காலத்தில் மடி பெருத்து, பால் சுரந்து, பொம்மையைக் குட்டிபோலக் காக்கும் பொய்ச்சினை வரலாம். ஆகையால் பாலைக் கண்டு சினை என்று முடிவு கட்டக் கூடாது. பருவம் முடிந்து ஓரிரு மாதங்களில் நாய் சோர்ந்து, அதிகமாகத் தண்ணீர் குடித்து, துர்நாற்றக் கசிவோடு இருந்தால் கருப்பையில் சீழ் கோத்திருக்கலாம். கசிவே இல்லாமலும் இது வரும். ஒரு நாள்கூடத் தாமதிக்காமல் மருத்துவரிடம் செல்ல வேண்டிய நிலை இது.

நிரந்தரத் தீர்வு

இனப்பெருக்கத் திட்டம் இல்லாதவர்களுக்குக் கருத்தடை அறுவை சிகிச்சையே சிறந்தது. அதற்குமுன் ஒருமுறையாவது குட்டி போட்டால்தான் நாய்க்கு நல்லது என்ற பேச்சுக்கு மருத்துவ ஆதாரம் இல்லை. சிறிய இனங்களுக்கு ஆறாம் மாதத்தை ஒட்டியே செய்துவிடலாம். பெரிய இனங்களில் எலும்பு வளர்ச்சி முடியுமுன் செய்வது சில மூட்டு நோய்களோடு தொடர்புடையதாக ஆய்வுகள் காட்டுவதால், எந்த வயதில் செய்வது என்பதை மருத்துவரோடு கலந்து முடிவுசெய்ய வேண்டும். பருவத்தின்போது ரத்த ஓட்டம் மிகுந்திருப்பதாலும், பொய்ச்சினையின்போது செய்தால் அந்நிலை நீடிக்கக்கூடும் என்பதாலும், பருவம் முடிந்து இரண்டு, மூன்று மாதங்கள் கழித்துச் செய்வது வழக்கம். பருவத்தைத் தள்ளிப்போடும் புரோஜெஸ்டிரோன் வகை ஊசிகளைத் திரும்பத் திரும்பப் போடுவது கருப்பைச் சீழுக்கும் மடிக் கட்டிகளுக்கும் வழிவகுக்கும். செலவு குறைவு என்ற ஒரே காரணத்துக்காக அவற்றைத் தேர்ந்தெடுப்பதை நான் ஏற்கமாட்டேன்.

ஆணுக்கான சிகிச்சை இன்னும் எளியது. ஒரு விதை மட்டும் விதைப்பைக்குள் இறங்கிய நாய் மலடு அல்ல, அதுவும் தந்தையாகும். இறங்காத விதையில் பிற்காலத்தில் கட்டி வரக்கூடும் என்பதால் அதையும் தேடி நீக்கிவிட வேண்டும். அறுவை சிகிச்சை வேண்டாதவர்களுக்குத் தோலின்கீழ் வைக்கும் டெஸ்லோரெலின் என்ற மருந்துப் பதியம் உண்டு, ஆனால் பலன் முழுமையாகத் தெரிய ஏறத்தாழ ஆறு வாரங்கள் பிடிக்கும்; தொடக்க நாட்களில் ஆசை கூடவும் செய்யும். விதை நீக்கிய நாயின் குழாய்களிலும் சில விந்தணுக்கள் எஞ்சியிருக்கும் என்பதால், அதையும் நான்கு முதல் ஆறு வாரங்களுக்குப் பருவத்திலுள்ள பெட்டையிடமிருந்து பிரித்தே வைத்திருக்க வேண்டும்.