கிண்டிக் காட்டுச் சத்தத்தில் ஓர் இசைத்துண்டு: புதியவர்களுக்கான செய்முறை

சென்னைக்கு நடுவிலேயே சுமார் 2.7 சதுர கிலோமீட்டருக்குக் கிண்டி தேசியப் பூங்கா இருப்பது நமக்கு வாய்த்த பெரிய வசதி. உள்காட்டுக்குள் அனுமதியில்லாமல் போகக்கூடாது. ஒட்டியிருக்கும் சிறுவர் பூங்காவின் மரநிழலே போதும். ஒரு போன், ஒரு ஹெட்போன், கணினியில் ஒலியை வெட்டி ஒட்டும் இலவச மென்பொருளான ஆடாசிட்டி. வேறெதுவும் வாங்க வேண்டாம்.

முதலில் பதிவு. போனை ஏரோபிளேன் மோடில் போடுங்கள். ரெக்கார்டர் செயலியில் கோப்பு வகைக்கு வேவ் (WAV), சாம்பிள் ரேட்டுக்கு 48 கிலோஹெர்ட்ஸ் என்று தேர்ந்தெடுங்கள். இரைச்சலைக் குறைக்கும் வசதி இருந்தால் அணைத்துவிடுங்கள். அது இலைச் சலசலப்பையும் சேர்த்துத் துடைத்துவிடும். போனைக் கையில் பிடிக்காமல் பையின்மேல் வைத்துவிட்டு, பத்து நிமிடம் அசையாமல் உட்காருங்கள்.

நாம் தேடுவது முக்கியமாகச் செம்மார்புக் குக்குறுவான் என்ற பறவையை. 'டொக் டொக்' என்று ஒரே சீராக, உச்சிவெயிலிலும் விடாமல் கூவும். அதுதான் நம் தாளம். அடுத்து செம்போத்தின் அடித்தொண்டை 'ஊப் ஊப்'. பறவை கூவவில்லையே என்று அதன் குரலைப் போனில் ஒலிக்கவிடாதீர்கள். தன் இடத்துக்குள் இன்னொன்று புகுந்துவிட்டதென்று அது தவித்துப்போகும். நம் பாட்டுக்காக அதை அலைக்கழிப்பது நியாயமில்லை.

வீட்டுக்கு வந்ததும் குக்குறுவானின் எட்டுத் தட்டல்களை வெட்டி எடுத்து, 150 ஹெர்ட்ஸில் ஹை பாஸ் ஃபில்டர் போடுங்கள்; அதற்குக் கீழுள்ள ஒலியை அது அடக்கும். வண்டிகளின் உறுமல் குறையும். அப்புறம் 'ரிபீட்' கொடுத்து நீட்டுங்கள். செம்போத்துக்கு இந்த ஃபில்டர் வேண்டாம், அதன் கனமே கீழ்ச்சுரத்தில்தான் இருக்கிறது. அதன் வேகத்தைப் பாதியாக்குங்கள். குரல் ஒரு ஸ்தாயி இறங்கி, மிருகமா பறவையா என்று தெரியாத ஒலியாகிவிடும்.

மீனம்பாக்கத்தில் இறங்கும் விமானமும் பதிவில் வந்திருக்கும். பலர் அதை வெட்டி எறிவார்கள். எறியாதீர்கள்! 1948இல் பாரிஸில் பியர் ஷேஃபர் என்ற பிரெஞ்சு இசையமைப்பாளர் ரயில் சத்தங்களைப் பதிவுசெய்து இசையாக்கினார். நமக்கு விமானம் ஆகாதா? அந்த இரைச்சலில் சில நொடிகளைத் தேர்ந்தெடுத்து 'பால்ஸ்ட்ரெச்' எஃபெக்டில் பத்து மடங்கு இழுங்கள். தம்பூரா மாதிரி அடியில் நிற்கும். கிண்டிக் காட்டுக்கு உரிய சுருதி அதுதான் என்பேன். தபேலா லூப், சிந்தசைசர் எதையும் மேலே கொட்டாதீர்கள்.

சரி, அடுக்கலாம். முதல் அரை நிமிடம் சுருதி மட்டும். பிறகு தாளம் மெல்ல ஏறட்டும். செம்போத்து இரண்டு மூன்று இடங்களில் வந்தால் போதும். எல்லாம் சேர்ந்து ஒலிக்கும்போது அளவுமானி சிவப்பைத் தொட்டால் ஒவ்வொரு டிராக்கின் ஒலியளவையும் கொஞ்சம் இறக்கிவிட்டு, வேவ் கோப்பாக எக்ஸ்போர்ட் செய்யுங்கள்.