நீவ் 1272-ஐ மைக் ப்ரீஆம்ப்பாக மாற்றும் முறை

1970களில் நீவ் நிறுவனம் செய்த ஒலிப்பதிவுக் கலவை மேசைகளில் 1272 என்பது மைக்குக்கான பெருக்கி அன்று. பல வழித்தடங்களின் ஒலியைச் சேர்த்து வெளியே அனுப்புவதற்கான பெருக்கி. ஆனால் ஈக்யூவும் (தாழ்சுருதி, மேல்சுருதியைக் கூட்டிக் குறைக்கும் பகுதி) சேர்ந்த நீவின் புகழ்பெற்ற 1073 ப்ரீஆம்ப்பில் உள்ள பிஏ283 பெருக்கிப் பலகையே இதிலும் இருப்பதால், ஈக்யூ வேண்டாதவர்கள் இதை மைக் ப்ரீஆம்ப்பாக, அதாவது மைக்கின் நலிந்த ஒலியை உயர்த்தும் முதற்பெருக்கியாக, மாற்றிக்கொள்கிறார்கள். பெருக்கும் அளவை மாற்றும் ஆதாயச் சுவிட்ச், மைக் கம்பிக்கான மூன்றுமுனை எக்ஸ்எல்ஆர் இணைப்பிகள், அதே கம்பி வழியே மைக்குக்கு மின்சாரம் தரும் 48 வோல்ட் ஃபேன்டம், 24 வோல்ட் மின்வழங்கி ஆகியவற்றை நாமே சேர்க்க வேண்டும். சில்லறைப் பாகங்களுக்குச் சிங்கப்பூரின் ஜாலான் புசாரில் உள்ள சிம் லிம் டவர் போதும்.

முதலில் பழைய எலக்ட்ரோலிட்டிக் மின்தேக்கிகளை மாற்றிவிடுங்கள். மின்வழங்கியைத் தனிப்பெட்டியில் வைப்பதே நல்லது. மின்வழங்கியின் 230 வோல்ட் மின்மாற்றி, மைக் ஒலி நுழையும் உள்ளீட்டு மின்மாற்றிக்கு அருகில் இருந்தால், எவ்வளவு கவனமாக எர்த் செய்தாலும் 50 ஹெர்ட்ஸ் இரைச்சல் நுழைந்துவிடும். வீவக அடுக்குமாடி வீட்டு மேசையில் மின்சாரப் பக்கத்தைத் திறந்து வேலை செய்வதைவிட, ஆயத்த 24 வோல்ட் வழங்கியை வாங்குவதையே நான் பரிந்துரைப்பேன்.

ஃபேன்டமுக்கு எக்ஸ்எல்ஆரின் 2, 3ஆம் முனைகளுக்குத் தலா ஒரு 6.8 கிலோ ஓம் மின்தடை வேண்டும். கடையில் பத்துப் பதினைந்து வாங்கி, மீட்டரில் அளந்து, 0.4 சதவீதத்துக்குள் ஒத்துப்போகும் இரண்டைத் தேர்ந்தெடுங்கள். இணை பிசகினால், மைக் இழுக்கும் மின்னோட்டத்தில் ஒரு பகுதி உள்ளீட்டு மின்மாற்றியின் சுருளில் ஓடி, அதன் உள்ளகத்தைக் காந்தமாக்கும். தாழ்சுருதி ஒலிகளில்தான் அந்தக் கேடு முதலில் தெரியும்.

ஆதாயத்தை மாற்றும் சுவிட்சை நேர்மின்னழுத்தத்தைத் தடுக்கும் மின்தேக்கிக்கு அப்பால், அந்த அழுத்தம் இல்லாத இடத்தில் இணையுங்கள். இல்லையேல் ஒவ்வொரு திருப்பலுக்கும் ஸ்பீக்கர் ‘டப்’பென்று அதிரும்.

செலவைக் குறைக்க விரும்புவோர் பெரும்பாலும் கைவைப்பது வெளியீட்டு மின்மாற்றியில்தான். அது வேண்டாம். பலகையின் வெளியீட்டு டிரான்சிஸ்டரான 2என்3055-இன் நேர்மின்னோட்டம் அந்த மின்மாற்றியின் முதன்மைச் சுருள் வழியே இடைவிடாமல் ஓடுவதால், அதைத் தாங்கும்படி உள்ளகத்தில் சிறு இடைவெளி விட்டுச் செய்திருக்கிறார்கள். சாதாரண மின்மாற்றியோ அங்கே தெவிட்டிப்போய் ஒலியைச் சிதைக்கும். மேலும் நீவின் அந்த மின்மாற்றி 600 ஓம் சுமையை எதிர்பார்த்து வடிவமைக்கப்பட்டது. இன்றைய ஆடியோ இன்டர்ஃபேஸ்களின் உள்ளீடு பல ஆயிரம் ஓம் என்பதால், மேல்சுருதி தேவையின்றித் தூக்கலாகக் கேட்கலாம். மிருதங்கத்தின் வலந்தலை ஒலியும் பாடகரின் ‘ச’கரமும் கூசினால், வெளியீட்டின் 2, 3ஆம் முனைகளுக்கிடையே 600 ஓம் அளவில் ஒரு மின்தடையை இணைத்து மீண்டும் கேட்டுப் பாருங்கள்.