பாத்ரூம் நிலைக்கால் அடியில் உக்கிப்போவது ஏன், எப்படித் தடுப்பது

பாத்ரூம் கதவின் நிலைக்காலில், தரையை ஒட்டி நாலு விரல் உயரத்துக்குள் ஒரு ஸ்க்ரூடிரைவரை வைத்து அழுத்திப் பாருங்கள். நல்ல மரத்தில் முனை இறங்காது, கைதான் வலிக்கும். உக்கின மரமாக இருந்தால் பெயின்ட் தோல் மட்டும் கொஞ்சம் எதிர்க்கும், அப்புறம் முனை பொதுக்கென்று உள்ளே போய்விடும். வெளியே இழுத்தால் ஈரமான பழுப்புத் தூளோ வெளுத்த நாரோ முனையில் ஒட்டிக்கொண்டு வரும்.

இதைப் பார்த்ததும் பலர் கரையான் என்று முடிவுகட்டி மருந்தடிக்க ஆள் கூப்பிடுகிறார்கள். கரையான் வந்திருந்தால் சுவரிலோ மரத்திலோ மண் தடம் இருக்கும், உள்ளேயும் மண் அப்பியிருக்கும். வண்டு துளைத்திருந்தால் குண்டூசித் துளைகள் தெரியும், கீழே சன்னமான மாவு கொட்டிக்கிடக்கும். இது எதுவும் இல்லாமல் மரம் மெத்தென்று ஆகியிருந்தால், குறுக்கும் நெடுக்குமாக வெடித்துக் கட்டம் கட்டமாக உதிர்ந்தால், அது பூஞ்சையின் வேலை. கரையான் மருந்தை எவ்வளவு ஊற்றினாலும் பூஞ்சை நிற்காது, ஏனென்றால் அது வந்த காரணம் அப்படியே இருக்கிறது.

காரணம் தண்ணீர்தான். பூஞ்சையின் வித்துத்தூள் காற்றில் எப்போதும் எங்கேயும் மிதந்துகொண்டேதான் இருக்கிறது, அதை யாராலும் தடுக்க முடியாது. அது மரத்தில் விழுந்து முளைத்து, கண்ணுக்குத் தெரியாத இழைகளாக உள்ளே இறங்கி, நொதிகளைக் கக்கி மரத்தை வெளியிலேயே செரிக்கவைத்து, கரைந்ததை உறிஞ்சிக்கொள்கிறது. இந்த வேலை முழுவதும் நீரில்தான் நடந்தாக வேண்டும். மரத்தின் ஈரப்பதம் சுமார் 30 சதவீதத்தை எட்டும்போது செல் சுவர்கள் நீரால் நிறைந்துவிடும். அதற்கு மேல் போனால் பூஞ்சைக்குக் கொண்டாட்டம். 20 சதவீதத்துக்குக் கீழே வைத்திருந்தால் புதிதாக எதுவும் பிடிக்காது. பூஞ்சைக்குத் தேவையான மற்ற மூன்றும், அதாவது உணவு, காற்று, 20 முதல் 35 டிகிரி வரையிலான சூடு, நம்ம ஊரில் வருஷம் முழுக்கக் கிடைக்கும். நம் கையில் இருப்பது தண்ணீர் ஒன்றுதான்.

காற்றையும் தடுக்க முடிந்தால் என்ன ஆகும் என்பதற்கு நல்ல உதாரணம் கேரளத்துக் கிணறுகள். அங்கே கிணற்றின் அடியில் நெல்லிமரப் பலகையை வளையமாகப் போட்டுவைக்கும் பழக்கம் உண்டு. அது எப்போதும் நீருக்குள்ளேயே கிடப்பதால் காற்று கிடைக்காமல் பூஞ்சையால் நெருங்க முடிவதில்லை. வேலிக் குத்துக்காலும் இதே கதைதான்: ஆழத்தில் புதைந்த பகுதி ஓரளவு தாங்கும், மேலே வெயிலில் காயும் பகுதியும் தாங்கும், மண்மட்டத்தை ஒட்டின ஒரு ஜாண்தான் முதலில் இற்று ஒடியும். ஈரமும் காற்றும் சேர்ந்து கிடைப்பது அங்கேதான்.

மரத்தை எப்படித் தின்கிறது என்பதைக் கொஞ்சம் தெரிந்துகொண்டால் சேதத்தை எடைபோடச் சுலபமாக இருக்கும். கான்கிரீட்டில் கம்பியும் சிமென்டும் இருப்பதுபோல மரத்தில் செல்லுலோஸ் இழைகளும் அவற்றைப் பிணைக்கும் லிக்னினும் இருக்கின்றன. பழுப்பு அழுகல் பூஞ்சைகள் செல்லுலோஸை உருவிவிட்டு, லிக்னினைப் பெரும்பாலும் அப்படியே விட்டுவிடும். அதனால்தான் மீதி மரம் பழுப்பாகி, சதுரம் சதுரமாக வெடித்து, விரலால் நசுக்கினால் பொடியாகிறது. பைன் போன்ற ஊசியிலை மரங்களில் இது அதிகம், ஆபத்தும் இதில்தான் அதிகம், ஏனென்றால் பார்வைக்குப் பெரிதாக ஒன்றும் தெரியாத ஆரம்பக் கட்டத்திலேயே மரத்தின் வலுவில் பெரும்பகுதி போய்விடும். வெள்ளை அழுகல் பூஞ்சைகள் லிக்னினையும் சேர்த்துத் தின்னும். மரம் வெளுத்து, பஞ்சு போலாகி, நாராகப் பிரியும். மா, வேம்பு, ரப்பர் மாதிரி அகன்ற இலை மரங்களில் பெரும்பாலும் இதைத்தான் பார்ப்பீர்கள். நாம் சமைத்துச் சாப்பிடும் சிப்பிக்காளான்கூட இந்த வகைதான். மூன்றாவதாக மென் அழுகல் என்று ஒன்று உண்டு, எப்போதும் நனைந்தே கிடக்கும் மரத்தில் மெதுவாக மேற்பரப்பிலிருந்து உள்ளே போகும்.

சரி, நிலைக்காலுக்கு வருவோம். அடி மட்டும் ஏன் உக்குகிறது? மரத்தின் நுண்குழாய்கள் நீளவாக்கில் ஓடுகின்றன, அதனால் பக்கவாட்டில் உறிஞ்சுவதைவிட அறுத்த முனை வழியாகப் பல மடங்கு வேகமாகத் தண்ணீர் ஏறும். அந்த முனையைத்தான் நாம் சிமென்டுக்குள் புதைத்து, டைல்ஸ் ஒட்டி, தினமும் தண்ணீர் ஊற்றுகிறோம். புதைந்துவிடும் இடம்தானே என்று அங்கே பிரைமர்கூட அடிப்பதில்லை. மேலே மட்டும் பளபளவென்று எனாமல் அடித்துவிடுவதால், கீழே ஏறின ஈரம் வெளியே போக வழியில்லாமல் உள்ளேயே தங்கிவிடுகிறது. பெயின்ட் மரத்தைக் காக்கும் என்பது காய்ந்த மரத்துக்கு மட்டும்தான் உண்மை. ஈரமான மரத்துக்கு மேல் அடித்த பெயின்ட் பூஞ்சைக்குப் போர்த்திவிட்ட போர்வை.

புதிதாக நிலை வைப்பவர்கள் நிலை வந்து இறங்கின அன்றே, சுவரில் நிறுத்துவதற்கு முன்பே, அடி முனை இரண்டிலும் பிரைமரோ எபாக்ஸியோ உறிஞ்சுவது நிற்கும்வரை திரும்பத் திரும்பப் பூசச் சொல்லுங்கள். ஆசாரி வேண்டாம் என்று சொன்னாலும் விடாதீர்கள், பத்து நிமிஷ வேலை இது. அதைவிட நல்ல வழி, மரம் தரையைத் தொடாமலே செய்வது: நிலைக்காலின் அடியில் நாலைந்து அங்குல உயரத்துக்குக் கருங்கல் துண்டை வைத்து, அதன்மேல் மரத்தை நிறுத்துவது. பழைய திண்ணை வீடுகளில் மரத்தூண்கள் எல்லாம் கல்லின் மேல்தான் நிற்கின்றன, தூணின் அடி காய்ந்தே இருப்பதற்கு அந்தக் கல்தான் காரணம். பாத்ரூமுக்கு மட்டும் மரமே வேண்டாம் என்று முழுக்கக் கருங்கல் நிலை வைப்பவர்களும் உண்டு, என்னைக் கேட்டால் அதுதான் சரி.

தேக்கு போட்டிருக்கிறோம், ஒன்றும் ஆகாது என்ற நம்பிக்கை பாதிதான் சரி. தேக்கின் உறுதி அதன் வைரத்தில், அதாவது நடுவில் கருத்துக் கெட்டியாக இருக்கும் பகுதியில் இருக்கிறது. அங்கே ஊறியிருக்கும் இயற்கையான வேதிப்பொருள்கள்தான் பூஞ்சையை விரட்டுகின்றன. வைரத்தைச் சுற்றி வெளிறலாக இருக்கும் ஓரப்பகுதிக்கு அந்தக் காப்பு கிடையாது. தேக்காகவே இருந்தாலும் அது மற்ற மரம் போலத்தான் உக்கும். இளம் மரத்தில் வெளிறல் நிறைய இருக்கும், சாயம் பூசி நிறத்தைச் சமன் செய்துவிட்டால் கண்டுபிடிக்க முடியாது. அதனால் மரத்தை இழைத்த உடனே, பாலிஷ் போடுவதற்கு முன் பாருங்கள். மரத்தின் ஈரப்பதத்தை அளக்கும் ஈரமானி கையில் இருந்தால் இரண்டு ஊசியையும் குத்தி அளந்துவிடுங்கள், 15 சதவீதத்தை ஒட்டி இருந்தால் நல்லது, 20க்கு மேல் காட்டினால் நிழலில் காற்றோட்டமாக அடுக்கி இன்னும் காயவிடுங்கள்.

மருந்து எல்லாம் இதற்கு அப்புறம்தான். வீட்டுக்குள் இருக்கும் மரத்துக்கு வெங்காரமும் (போராக்ஸ்) போரிக் ஆசிடும் போதும்: பத்து லிட்டர் வெந்நீரில் வெங்காரம் 300 கிராம், போரிக் ஆசிட் 200 கிராம் கரைத்து, பெயின்ட் இல்லாத வெறும் மரத்தில் ஊற ஊற மூன்று நான்கு முறை பூசுங்கள். கையுறை போட்டுக்கொள்ளுங்கள், குழந்தைகளுக்கு எட்டாமல் வையுங்கள். மரம் நன்றாகக் காய்ந்த பிறகுதான் பெயின்ட். மழை படும் இடத்தில் இந்தக் கலவை கரைந்து ஓடிவிடும், அதனால் வெளிவேலைக்கு உதவாது. வெளிவேலைக்கு உலகம் முழுக்கப் பயன்பட்ட செம்பு, குரோமியம், ஆர்சனிக் கலவையைக் கண்டுபிடித்தவர் ஓர் இந்தியர் என்பது பலருக்குத் தெரியாது: டேராடூன் வன ஆராய்ச்சி நிலையத்தில் 1933இல் சொந்தி காமேசம் உருவாக்கியது அது. அழுத்தம் கொடுத்து மரத்துக்குள் ஏற்றினால்தான் பலன், வீட்டில் பிரஷ்ஷால் பூசுகிற சமாச்சாரம் இல்லை.

ஏற்கெனவே உக்கிப்போயிருந்தால் முதலில் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று பாருங்கள்: டைல்ஸ் இடுக்கு, சுவருக்குள் கசியும் பைப், வெளியே வடியாமல் நிலைப்பக்கம் வாட்டம் இருக்கும் தரை. அதைச் சரிசெய்யாமல் உக்கின இடத்தில் பட்டி அடைத்துப் பெயின்ட் அடித்தால் அடுத்த வடகிழக்குப் பருவமழைக்குள் மறுபடியும் பொதபொதவென்று ஆகிவிடும். கசிவை நிறுத்தின பிறகு பெயின்டைச் சுரண்டி எடுத்துவிட்டு, கதவைத் திறந்துவைத்து, ஃபேனும் போட்டுச் சில வாரம் காயவிடுங்கள். அப்புறம் மெத்தென்று இருக்கும் பகுதியை அறுத்து எடுங்கள், அதோடு நிற்காமல் கெட்டி மரம் வந்த பிறகும் ஒரு ஜாண் தள்ளி அறுங்கள், பூஞ்சை இழை கண்ணுக்குத் தெரிவதைவிட உள்ளே போயிருக்கும். அறுத்த முகத்தில் வெங்காரக் கரைசலைப் பூசிக் காயவைத்து, பிறகு முனையை அடைத்து, கீழே கருங்கல்லையே வைத்துவிடுங்கள். அறுத்தெடுத்த துண்டை விறகுக் குவியலில் போடாமல் அன்றைக்கே வெளியேற்றுங்கள். மேலே சொன்ன ஆர்சனிக் கலவை ஏற்றிய பழைய மரமாக இருந்தால் எக்காரணம் கொண்டும் அடுப்பில் வைக்காதீர்கள், ஆர்சனிக் புகையிலும் வரும், சாம்பலிலும் தங்கும்.