டிஎல்எல் ஃபைல் காணவில்லையா? முதலில் இந்தத் தவறுகளைச் செய்யாதீர்கள்

புரோகிராமைத் திறந்ததும் "எம்எஸ்விசிபி140.டிஎல்எல் கிடைக்கவில்லை" என்று ஒரு பெட்டி வருகிறது. பலரும் உடனே அந்தப் பெயரைத் தேடி, டிஎல்எல் ஃபைல்களை (புரோகிராம்கள் பகிர்ந்து பயன்படுத்தும் நிரல் துண்டுகளை) தனித்தனியாகத் தரும் ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கி, விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டுவிடுகிறார்கள். மற்ற தவறுகளெல்லாம் இதிலிருந்துதான் கிளம்புகின்றன.

பெட்டி சொல்வது ஒரு ஃபைலின் பெயரை. கணினியில் இல்லாததோ, அந்த ஃபைல் எந்தத் தொகுப்போடு வருமோ அந்தத் தொகுப்பு. எம்எஸ்விசிபி140 தனியாக இயங்காது, விசிரன்டைம்140ஐக் கேட்கும். அதையும் தேடிப் போட்டால் விசிரன்டைம்140_1 வேண்டும் என்று இன்னொரு பெட்டி வரலாம். இப்படிச் சேர்த்த ஃபைல்கள் வெவ்வேறு பதிப்பாக இருந்தால் புரோகிராம் திறந்து, நடுவில் காரணம் சொல்லாமல் மூடிக்கொள்ளும். இறக்கிய ஃபைலில் வைரஸ் இருக்கலாம் என்பது தனி ஆபத்து. வைரஸ் இல்லாவிட்டாலும், கையால் போட்ட ஃபைலை எந்த இன்ஸ்டாலரும் கணக்கில் வைத்திருக்காது.

எனவே தேட வேண்டியது தொகுப்பைத்தான். மைக்ரோசாஃப்ட்டின் விஷுவல் சி++ ரன்டைம் ஃபைல்களில் (சி++ மொழியில் எழுதிய புரோகிராம்கள் இயங்கத் தேவையானவை) பெயரின் கடைசியில் உள்ள எண்ணே விடை சொல்லிவிடும். எம்எஸ்விசிஆர்100 என்றால் 2010 தொகுப்பு, 110 என்றால் 2012, 120 என்றால் 2013. 140 என்று முடிந்தால் 2015 முதல் 2022 வரை எல்லாவற்றுக்கும் பொதுவான ஒரே தொகுப்பு. அதில் மிகப் புதியதை மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து எடுத்தால் போதும். விசிரன்டைம்140_1 ஃபைல் 2019இல்தான் சேர்ந்தது. பழைய 2015 தொகுப்பை மட்டும் வைத்திருப்பவர்களுக்கு "எல்லாம் இருக்கிறதே, இது மட்டும் ஏன் இல்லை" என்ற குழப்பம் வருவது அதனால்தான்.

இங்கே இரண்டு இடத்தில் வழுக்கும். புதியதைப் போட்டால் பழையதும் சேர்ந்து வந்துவிடும் என்று நினைப்பது ஒன்று. 2022 தொகுப்பில் எம்எஸ்விசிஆர்120 கிடையாது. அதற்கு 2013ஐத் தனியாகத்தான் போட வேண்டும். இன்னொன்று இதற்கு நேர் எதிர்: இன்ஸ்டால் ஆன புரோகிராம்களின் பட்டியலில் 2008, 2010, 2012, 2013 என்று வரிசையாக நிற்பதைப் பார்த்து, இடத்தை அடைக்கும் நகல்கள் என்று நீக்குவது. அவை ஒன்றுக்கொன்று மாற்று அல்ல. விட்டுவிடுங்கள்.

அடுத்தது 32 பிட், 64 பிட் குழப்பம். 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் இருப்பது சிஸ்வாவ்64 ஃபோல்டரில். பெயரைப் பார்த்தால் தலைகீழாகத் தோன்றும், ஆனால் அப்படித்தான். 32 பிட் புரோகிராம் சிஸ்டம்32ஐக் கேட்டாலும் விண்டோஸ் அதைச் சத்தமில்லாமல் சிஸ்வாவ்64க்குத் திருப்பிவிடும். "ஃபைலைப் போட்டுவிட்டேன், இன்னும் காணவில்லை என்கிறது" என்பதற்குப் பல நேரம் இதுதான் காரணம். பிட் மாறிய ஃபைல் புரோகிராமின் கையில் சிக்கினால் 0எக்ஸ்சி000007பி என்ற பிழை வரும். 64 பிட் கணினியில் எக்ஸ்86 (32 பிட்), எக்ஸ்64 (64 பிட்) இரண்டு இன்ஸ்டாலர்களையும் ஓட்டி, ரீஸ்டார்ட் செய்துவிடுங்கள். எது வேண்டும் என்று ஆராய்ச்சி செய்யும் நேரம் மிச்சம்.

பழைய கேம்கள் டி3டிஎக்ஸ்9_43 அல்லது எக்ஸ்இன்புட்1_3 என்ற டைரக்ட்எக்ஸ் (கேம்களுக்கான விண்டோஸ் பகுதி) ஃபைல்களைக் கேட்டால், "என்னிடம் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறதே" என்று வாதாடிப் பயனில்லை. அந்த ஃபைல்கள் விண்டோஸ் 10, 11 உடன் வருவதில்லை. ஜூன் 2010 டைரக்ட்எக்ஸ் ரன்டைம் தொகுப்பு வேண்டும். அதன் முழு ஆஃப்லைன் பதிப்பை ஓட்டினால் ஒரு ஃபோல்டரில் ஃபைல்களைப் பிரித்துப் போடுவதோடு நின்றுவிடும். அந்த ஃபோல்டருக்குள் இருக்கும் டிஎக்ஸ்செட்டப்பை ஓட்டினால்தான் இன்ஸ்டால் ஆகும். பாதிப் பேர் பிரித்ததோடு முடிந்தது என்று மூடிவிடுகிறார்கள்.

சில நேரம் எதையும் இறக்கவே வேண்டாம். புரோகிராமின் இஎக்ஸ்இ ஃபைலை மட்டும் டெஸ்க்டாப்புக்குக் காப்பி செய்து திறந்தால், அதன் சொந்த டிஎல்எல்கள் பழைய ஃபோல்டரிலேயே இருக்க, தேடல் டெஸ்க்டாப்பில் தொடங்கும். காப்பிக்குப் பதில் ஷார்ட்கட் வையுங்கள். புரோகிராமின் சொந்த டிஎல்எல் உண்மையிலேயே மாயமாகியிருந்தால், ஆன்டிவைரஸ் தனிமைப்படுத்திய பட்டியலைப் பாருங்கள். அங்கே இருந்தால் கண்ணை மூடிக்கொண்டு மீட்காமல், தயாரிப்பாளரின் தளத்திலிருந்து மறுபடி இன்ஸ்டால் செய்யுங்கள். அதையும் ஆன்டிவைரஸ் தடுத்தால் மட்டுமே அந்த ஃபைலுக்கு விலக்கு தருவது பற்றி யோசிக்கலாம்.

எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ் கட்டளையை எல்லாவற்றுக்கும் மருந்தாகச் சொல்வது வழக்கமாகிவிட்டது. அது விண்டோஸின் சொந்த ஃபைல்களை மட்டுமே சரிசெய்யும். நீங்கள் இன்ஸ்டால் செய்யாத தொகுப்பைக் கொண்டுவராது. சிஸ்டம் ஃபைலே கெட்டிருப்பதாகத் தெரிந்தால் அட்மினிஸ்ட்ரேட்டராக முதலில் டிஸ்ம் /ஆன்லைன் /கிளீனப்-இமேஜ் /ரீஸ்டோர்ஹெல்த் கட்டளையை ஓட்டுங்கள், பிறகு எஸ்எஃப்சி. டிஎல்எல்லை விண்டோஸில் பதிவு செய்யும் ரெக்எஸ்விஆர்32 கட்டளை இன்னும் வீண். அது பதிவு தேவைப்படும் காம் வகை டிஎல்எல்களுக்கானது. ரன்டைம் ஃபைலில் ஓட்டினால் டிஎல்எல்ரெஜிஸ்டர்சர்வர் (பதிவு செய்யும் ஃபங்ஷன்) இல்லை என்றுதான் பதில் வரும்.

ஏபிஐ-எம்எஸ்-வின் என்று தொடங்கும் பெயர்களில் இரண்டு வகை உண்டு. அடுத்து சிஆர்டி என்று வந்தால் யுனிவர்சல் சி ரன்டைம். விண்டோஸ் 10 முதல் அது உள்ளேயே இருக்கிறது. விண்டோஸ் 7இல் கேபி2999226 அப்டேட் வேண்டும். கோர் என்று வந்தால், பெரும்பாலும் உங்கள் விண்டோஸே பழையது என்று பொருள். விண்டோஸ் 7இல் பைத்தான் 3.9ஐ ஓட்டினால் ஏபிஐ-எம்எஸ்-வின்-கோர்-பாத் காணவில்லை என்று வரும். பைத்தான் 3.9 விண்டோஸ் 7ஐ ஆதரிப்பதில்லை, 3.8க்குத் திரும்புவது அல்லது விண்டோஸை மாற்றுவது என்ற இரண்டே வழி.

லினக்ஸிலும் இதே வியாதி வேறு பெயரில் வரும். அங்கே டிஎல்எல்லுக்கு இணையானவை எஸ்ஓ ஃபைல்கள். லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.1.1 இல்லை என்றதும் லிப்எஸ்எஸ்எல்.எஸ்ஓ.3க்கு அந்தப் பெயரில் சிம்லிங்க் (வேறு ஃபைலைச் சுட்டும் பெயர்) போடச் சொல்வார்கள். எண் மாறியிருப்பதே உள்ளமைப்பு பொருந்தாது என்பதற்கான அறிவிப்பு. பெயரை ஏமாற்றலாம், உள்ளே இருக்கும் ஃபங்ஷன்களை ஏமாற்ற முடியாது. புரோகிராமுக்கு வேண்டிய எஸ்ஓ ஃபைல்களைப் பட்டியலிடும் எல்டிடி கட்டளையில் "நாட் ஃபவுண்ட்" என்று வரும் வரிகளைப் பார்த்து, அவற்றைத் தரும் பேக்கேஜை உங்கள் டிஸ்ட்ரோவில் (நீங்கள் பயன்படுத்தும் லினக்ஸ் வகையில்) தேடுங்கள். நம்பிக்கையில்லாத ஃபைலில் மட்டும் எல்டிடியை ஓட்டாதீர்கள். சில சூழலில் அது அந்த ஃபைலையே இயக்கிவிடும்.

விண்டோஸில் பெயரே சொல்லாமல் புரோகிராம் மூடிக்கொண்டால் மைக்ரோசாஃப்ட் சிஸ்இன்டர்னல்ஸின் பிராசஸ் மானிட்டரை (புரோகிராம்கள் தேடும் ஃபைல்களைக் காட்டும் கருவி) ஓட்டி, அந்தப் புரோகிராமை மட்டும் ஃபில்டர் செய்து, "நேம் நாட் ஃபவுண்ட்" வரிகளைப் பாருங்கள். நூற்றுக்கணக்கில் வரும், பயப்பட வேண்டாம்: ஒவ்வொரு ஃபோல்டராகத் தேடும்போது அப்படி வருவது இயல்பு. எந்த ஃபோல்டரிலும் "சக்சஸ்" வராமல், புரோகிராம் மூடுவதற்குச் சற்று முன் கடைசியாகத் தேடப்பட்ட டிஎல்எல் எதுவோ, அதன் தொகுப்பைத் தேடத் தொடங்குங்கள்.