ஃபயர்ஃபாக்ஸ் வரலாற்றுக் கோப்பைத் திறந்து பார்ப்பது எப்படி?

போன மாதம் ஒரு புளியோதரைச் செய்முறை படித்தீர்கள். எந்தத் தளம் என்று இப்போது நினைவில்லை. கவலை வேண்டாம், விடை உங்கள் கணினியிலேயே இருக்க நிறைய வாய்ப்பு உண்டு. நீங்கள் பார்த்த பக்கங்களின் முகவரி, தலைப்பு, நேரம் எல்லாவற்றையும் ஃபயர்ஃபாக்ஸ் உலாவி ஒரே கோப்பில் எழுதி வைக்கிறது. அதன் பெயர் பிளேசஸ்.எஸ்கியூலைட்.

எஸ்கியூலைட் என்பது ஒரு முழுத் தரவுத்தளத்தையும், அதாவது அட்டவணைகளாக அடுக்கிய தகவல் தொகுப்பையும், ஒரே கோப்புக்குள் அடக்கிவிடும் மென்பொருள். ரிச்சர்ட் ஹிப் 2000இல் வெளியிட்டார். பின்னணியில் தனியாக சர்வர் என்ற சேவை நிரல் ஓட வேண்டியதில்லை. ஆண்ட்ராய்டிலும் ஐபோனிலும் குறுஞ்செய்திகள் சேமிக்கப்படுவது இதில்தான். அதனால் இன்று கற்பது இந்த ஒரு கோப்போடு நிற்காது.

முதலில் கருவி. டிபி பிரவுசர் ஃபார் எஸ்கியூலைட் என்று தேடி, அதன் அதிகாரப்பூர்வத் தளத்திலிருந்து இறக்கி நிறுவுங்கள். இலவசம், திறமூலம், விண்டோஸ், மேக், லினக்ஸ் மூன்றிலும் ஓடும்.

1. நகல் எடுங்கள்

ஃபயர்ஃபாக்ஸ் முகவரிப் பட்டையில் 'அபவுட்:சப்போர்ட்' என்று ஆங்கிலத்தில் அடியுங்கள். வரும் பக்கத்தில் 'புரொஃபைல் ஃபோல்டர்' என்ற வரியின் எதிரே உள்ள பொத்தானை அழுத்தினால் கோப்புறை திறக்கும். இப்போது ஃபயர்ஃபாக்ஸை முழுவதும் மூடிவிட்டு, அதிலுள்ள பிளேசஸ்.எஸ்கியூலைட் கோப்பை மட்டும் டெஸ்க்டாப்புக்கு நகலெடுங்கள்.

இந்தப் படியைத் தயவுசெய்து தாண்டிப் போகாதீர்கள். உங்கள் புக்மார்க்குகளும் இதே கோப்பில்தான் இருக்கின்றன. அசலில் கை தவறினால் அவையும் போய்விடும். மூடச் சொல்வதற்கும் காரணம் உண்டு: உலாவி திறந்திருக்கும்போது, கடைசியாகப் பார்த்த பக்கங்கள் பக்கத்திலுள்ள 'வால்' என்று முடியும் துணைக்கோப்பில் தங்கியிருக்கலாம்.

2. திறந்து பாருங்கள்

டிபி பிரவுசரில் 'ஓப்பன் டேட்டாபேஸ்' அழுத்தி நகலைத் திறங்கள். 'பிரவுஸ் டேட்டா' தாவலுக்குப் போய், மேலே உள்ள பட்டியலில் 'மோஸ்_பிளேசஸ்' அட்டவணையைத் தேர்ந்தெடுங்கள். ஒரு வரிக்கு ஒரு பக்கம். 'டைட்டில்' பத்தியின் தலைப்புக்குக் கீழே உள்ள வடிகட்டிப் பெட்டியில் 'புளியோதரை' என்று தமிழிலேயே அடியுங்கள். தலைப்பில் அந்தச் சொல் உள்ள வரிகள் மட்டும் நிற்கும். பலருக்கு இதுவே போதும்.

தலைப்பில் தேடச் சொன்னதற்குக் காரணம் இருக்கிறது. 'யுஆர்எல்' பத்தியில் தமிழ் முகவரிகள் தமிழாக இருக்காது. விழுக்காட்டுக் குறியும் எண்களும் ஆங்கில எழுத்துகளும் கலந்த நீளமான சரமாக இருக்கும். எழுத்துகளைக் கணினியில் குறிக்கும் யூடிஎஃப்-8 முறையில் ஒவ்வொரு தமிழ்க் குறிக்கும் மூன்று பைட். ஒவ்வொரு பைட்டும் முகவரியில் % குறியோடு தொடங்கும் ஒரு துண்டாகும். 'பு' என்றால் ப, உகரக் குறி என இரண்டு குறிகள், ஆக ஆறு துண்டுகள். கோப்பு கெட்டுவிட்டதோ என்று பயப்பட வேண்டாம்.

3. கேள்வி கேளுங்கள்

'எக்ஸிக்யூட் எஸ்கியூஎல்' தாவலுக்கு வாருங்கள். எஸ்கியூஎல் என்பது தரவுத்தளத்திடம் கேள்வி கேட்கும் மொழி. கீழே கட்டளைச் சொற்களை ஒலிப்புக்காகத் தமிழில் எழுதுகிறேன். நீங்கள் ஆங்கில எழுத்தில் அடியுங்கள். மோஸ் என்பது எம், ஓ, இசட்; டெஸ்க் என்பது டி, இ, எஸ், சி; இபாக் என்பது இ, பி, ஓ, சி, ஹெச்.

செலக்ட் டைட்டில், விசிட்_கவுன்ட் ஃபிரம் மோஸ்_பிளேசஸ் ஆர்டர் பை விசிட்_கவுன்ட் டெஸ்க் லிமிட் 20;

கன்ட்ரோலையும் என்டரையும் சேர்த்து அழுத்துங்கள். நீங்கள் அதிகம் போன 20 பக்கங்கள் வரிசையாக வரும். செலக்ட் எந்தப் பத்திகள் வேண்டும் என்கிறது, ஃபிரம் எந்த அட்டவணை என்கிறது, டெஸ்க் பெரிய எண்ணை மேலே கொண்டுவருகிறது. அவ்வளவுதான்.

சரி, புளியோதரையை எப்போது படித்தோம்? 'லாஸ்ட்_விசிட்_டேட்' பத்தியில் 16 இலக்க எண் ஒன்று நிற்கும். அது 1970 ஜனவரி 1 முதல் ஓடிய மைக்ரோ நொடிகள். பத்து லட்சத்தால் வகுத்தால் நொடியாகும். அப்புறம் தேதியாக மாற்றலாம்:

செலக்ட் டைட்டில், யுஆர்எல், டேட்டைம்(லாஸ்ட்_விசிட்_டேட்/1000000, 'யூனிக்ஸ்இபாக்', 'லோக்கல்டைம்') ஃபிரம் மோஸ்_பிளேசஸ் வேர் டைட்டில் லைக் '%புளியோதரை%';

கடைசியில் உள்ள தேடுசொல்லை மட்டும் தமிழிலேயே விடுங்கள். இரு பக்கமும் உள்ள % குறி 'முன்னும் பின்னும் எது இருந்தாலும் சரி' என்று பொருள்படும். 'லோக்கல்டைம்' விட்டுப்போனால் இந்திய நேரத்துக்கு ஐந்தரை மணி நேரம் பின்தங்கிய நேரம் வரும்.

வேலை முடிந்ததும் டெஸ்க்டாப்பில் உள்ள நகலை மறக்காமல் அழித்துவிடுங்கள். நீங்கள் என்னென்ன படித்தீர்கள் என்பது முழுவதும் அதில் பூட்டில்லாமல் கிடக்கிறது.