மேக்கிங் வீடியோ எடுப்பவர்கள் செய்யக் கூடாத தவறுகள்

படப்பிடிப்பின் திரைமறைவுக் காட்சிகளைக் காட்டும் மேக்கிங் வீடியோ எடுக்கப் புதிதாக வருபவர்கள், 'ஆக்‌ஷன்' என்ற குரல் கேட்டதும் பரபரப்பாகிவிடுவார்கள். நடிப்பைத்தான் மெயின் கேமரா எடுத்துக்கொண்டிருக்கிறதே, அதையே பக்கவாட்டிலிருந்து நீங்களும் எதற்கு எடுக்க வேண்டும்? உங்களுக்கான சரக்கு பெரும்பாலும் டேக்குக்கு முன்னும் பின்னும்தான் இருக்கிறது. ஃபோகஸை மாற்றித் தரும் உதவியாளரான ஃபோகஸ் புல்லர் டேப் பிடித்துத் தூரம் அளப்பது, இயக்குநர் நடிகரைத் தனியே அழைத்து ஏதோ சொல்வது, சண்டைக் கலைஞர் விழுந்து எழுந்து முழங்கையைத் தேய்த்துக்கொண்டே சிரிப்பது. 'கட்' கேட்டவுடன் ரெக்கார்டிங்கை நிறுத்தாதீர்கள். இன்னும் அரை நிமிடம் ஓடட்டும்.

அப்புறம், நிற்கும் இடம். நடிகரின் பார்வை போகும் திசையில் நிற்கவே கூடாது. எதிரில் இருப்பவரைப் பார்த்து அழுதுகொண்டிருக்கும் நடிகருக்கு, அந்த எதிரில் இருப்பவரின் தோளுக்குப் பின்னால் நீங்கள் லென்ஸைத் திருகுவது தெரிந்தால் அந்த டேக் போச்சு. கறுப்பு உடை, ஓசை எழுப்பாத காலணி நல்லது. கண்ணாடியில் உங்கள் உருவம் விழுகிறதா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள். கேமராவின் பீப் ஒலி, ஆட்டோஃபோகஸ் உதவி விளக்கு, முன்பக்கச் சிவப்பு விளக்கு எல்லாவற்றையும் செட்டுக்குள் நுழையும் முன்பே அணைத்துவிட வேண்டும். கேமராவின் தலையில் குட்டி எல்இடி விளக்கா? ஒளிப்பதிவாளர் பார்த்துப் பார்த்துச் செய்த ஒளியமைப்பை அது நொடியில் கெடுத்துவிடும்.

ஒலி விஷயத்தில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். கையோடு கொண்டுவந்த வயர்லெஸ் மைக்கை யாரிடமும் சொல்லாமல் ஆன் செய்வார்கள். படத்தின் மைக்கும் அதே அலைவரிசையில் இருந்தால் வசனத்தில் இரைச்சல் விழும். திட்டு உங்களுக்கு விழும். காலையிலேயே ஒலிப்பதிவாளரிடம் போய் எந்த அலைவரிசை காலி என்று கேட்டுவிடுங்கள். பேட்டியை ஜெனரேட்டர் வண்டிக்குப் பக்கத்தில் எடுக்காதீர்கள் என்று சொல்லவே வேண்டாம்தான், ஆனாலும் எடுக்கிறார்கள்.

வெளிச்சத்துக்கு ஏற்ப நிறத்தைச் சரிசெய்யும் வொயிட் பேலன்ஸை ஆட்டோவில் விட்டால், நீங்கள் நகர நகர நிறம் மாறும். செட் விளக்குகள் 3200 கெல்வினா (மஞ்சள் சாயல்), 5600 கெல்வினா (பகல் வெளிச்சம்) என்று கேமரா உதவியாளரிடம் கேட்டு அதிலேயே வைத்துக்கொள்ளுங்கள்.

இந்த வேலையை மெயின் யூனிட்டுக்குப் போகும் குறுக்கு வழியாக நினைத்து, ஒளிப்பதிவாளரிடம் ஃப்ரேம் பற்றிக் கருத்துச் சொல்லப் போவது பெரிய தவறு. அங்கே வழக்கமான பாதை வேறு: கிளாப் அடித்து, லென்ஸ் மாற்றிக் கொடுத்து, ஃபோகஸ் பிடித்து, பிறகு கேமராவை இயக்கும் ஆபரேட்டர். மேக்கிங் எடுப்பதில் உங்களுக்குக் கிடைக்கும் லாபம், கேமரா குழுவினரிடம் ஏற்படும் பழக்கம்தான். டிராலி தண்டவாளத்தில் குறுக்கே நின்று அதையும் கெடுத்துக்கொள்ளாதீர்கள்.

நடிகரின் புதுத் தோற்றத்தை ஸ்டேட்டஸில் போட்டு வேலையை இழந்தவர்கள் உண்டு. அந்தத் தவறை யாரும் இரண்டாவது முறை செய்ய வாய்ப்பே கிடைப்பதில்லை.

சம்பளம் பேசும்போதே, எடுத்த காட்சிகள் யாருக்குச் சொந்தம், உங்கள் ஷோரீலில் (வேலை கேட்கும்போது காட்டும் மாதிரி வீடியோ) எப்போது சேர்க்கலாம், எடிட்டிங்கும் உங்கள் தலையிலா என்பதை எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். வாய்ப்பேச்சோடு விட்டால், படம் வெளியான பிறகும் உங்கள் வேலையை நீங்களே அடுத்தவரிடம் காட்ட முடியாமல் போகலாம்.